‘சுடு’ என்ற வினைக்கு அகராதிப் பதிவு கட்டிய குறிப்பு

வடையைச் சுடுகிறோம். வடகத்தைப் பொரிக்கிறோம். இரண்டும் உளுந்து மாவு, இரண்டும் வேகுவது ஒரே எண்ணெய்ச் சட்டியில். ‘சுடு: நெருப்பில் வாட்டு, எரி’ என்று எழுதி முடித்துவிட்டால் வடை அந்தப் பொருளுக்கு வெளியே நிற்கும். ‘எண்ணெயில் வேகவை’ என்று ஒரு வரி கூட்டினால் வடகமும் உள்ளே வந்துவிடும். வடையை ஏற்று வடகத்தைத் தள்ளும் ஒரு விளக்கத்துக்கு எப்படிப் போய்ச் சேர்வது என்பதுதான் இந்தக் குறிப்பு. வேறு சமையல் வினைகளுக்கும் இதே முறை உதவும். ‘வறு’, ‘வதக்கு’ இரண்டும் இதைவிடச் சுலபம்.

தேவையானவை: அஞ்சலட்டை அளவில் வெட்டிய சீட்டுகள் 150, பென்சில், சீட்டுகளை நிறுத்திவைக்க ஒரு பெட்டி, தேடக்கூடிய மின்வடிவத் தமிழ் உரைகள், எண்ணெயின் சூட்டை அளக்கும் வெப்பமானி ஒன்று, உளுந்து 250 கிராம், ஒரு பொட்டலம் அப்பளம். அகராதிகளில் சென்னைப் பல்கலைக்கழகத்தின் தமிழ்ப் பேரகராதியும் (1924–1936), க்ரியாவின் தற்காலத் தமிழ் அகராதியும் (முதல் பதிப்பு 1992), சொற்பிறப்புக்கு பரோ–எமனோவின் திராவிடச் சொற்பிறப்பியல் அகராதியும் (1961, திருத்திய பதிப்பு 1984) கைக்கெட்டும் இடத்தில் இருக்கட்டும். சீட்டு வேலை முடியும்வரை மூன்றையும் திறக்க வேண்டாம். முதலிலேயே பார்த்துவிட்டால் அவர்கள் போட்ட பிரிவுகளுக்குள்தான் நம் வாக்கியங்களும் போய் உட்காரும்.

சீட்டு எடுத்தல்

ஒரு சீட்டில் ஒரு வாக்கியம் மட்டும். மேல் இடது மூலையில் வினை வந்த வடிவம், வலது மூலையில் எங்கிருந்து எடுத்தது, நடுவில் முழு வாக்கியம், கீழே ‘எது/யார் சுட்டது, எதைச் சுட்டது, எதில் சுட்டது’ என்ற மூன்றுக்கும் பதில். மூன்றாவது கேள்விக்குப் பல சீட்டுகளில் பதில் இருக்காது; கோடு போட்டு விட்டுவிடலாம். ஊகித்து நிரப்பினால் பின்னால் அதுவே சான்று போலத் தோன்றும்.

முதல் தொல்லை தேடலில் வருகிறது. ‘சுட’ என்று தொடங்கும் எல்லாவற்றையும் கணினியில் தேடினால் சுடர், சுடலை, சுட்டி, சுட்டிக்காட்டு, சுட்டெழுத்து எல்லாம் கொட்டும். சுடிதாரும் சுடோகுவும்கூட வரும். காரணம் எளிது. கணினி எழுத்துகளைச் சேமிக்கும் ஒருங்குறியில் (யூனிகோட்) ‘சுட்ட’ என்பது ச, உகரக்குறி, ட, புள்ளி, ட என்று போகிறது. புள்ளி ட-வுக்குப் பின்னால் வருவதால் ‘சுட’ என்ற தொடக்கம் அதற்கும் பொருந்திவிடுகிறது. வடிவங்களைத் தனித்தனியாகத் தேடுவதே வழி: சுடு, சுடுகி, சுடுவ, சுடும், சுடாத, சுடச்சுட, சுட்டான் / சுட்டாள் / சுட்டார், சுட்டது, சுட்ட, சுட்டு. பேச்சு வழக்குக்கு சுடுது, சுடறா, சுட்டுட்டான். கடைசி இரண்டு எழுத்து வடிவங்களான ‘சுட்ட’, ‘சுட்டு’ ஆகியவற்றைக் கண்ணால் பார்த்துத்தான் பிரிக்க வேண்டும். எந்தச் சூத்திரமும் முழுதாகக் காப்பாற்றாது.

பிரிப்பதற்கு நம்பகமான கருவி இறந்தகாலம். எரிப்பதைக் குறிக்கும் சுடு, ‘சுட்டான்’ ஆகும். காட்டுவதைக் குறிக்கும் சுட்டு, ‘சுட்டினான்’ ஆகும். பூவைச் சூடுவது ‘சூடினாள்’. முதலாவது மட்டும்தான் ஒற்று இரட்டித்துக் காலம் காட்டுகிறது: புகு–புக்கான், விடு–விட்டான், பெறு–பெற்றான் என்று பள்ளி இலக்கணத்தில் படித்த அதே வகை. ஆகவே ‘சுட்ட’ என்ற எச்சத்தைப் பார்த்தால், அந்த இடத்தில் ‘சுட்டிய’ என்று மாற்றிப் படிக்க வேண்டும். பொருள் கெடாவிட்டால் அந்தச் சீட்டு நம் பெட்டிக்குரியது அல்ல.

இரண்டாவது தொல்லை செய்தித்தாள். செய்தி உரைகளை மட்டும் வாரினால் பெட்டி முழுக்கத் துப்பாக்கிச் சூடாகத்தான் இருக்கும். ‘சுடப்பட்டார்’ என்ற செயப்பாட்டு வடிவம் அங்கே கொட்டிக் கிடக்கிறது. ‘தோசை சுடப்பட்டது’ என்று யாரும் பேசுவதில்லை. அதனால் எண்ணிக்கையைப் பார்த்துப் பொருள்களை வரிசைப்படுத்தக் கூடாது. சமையல் குறிப்புகள், சிறுகதைகள், பேச்சுப் பதிவுகள், பழைய இலக்கியம் ஆகியவற்றிலிருந்து தலா 30 சீட்டு, செய்தியிலிருந்து 30. மொத்தம் 150.

தன்வினையா பிறவினையா

தமிழ்ச் சமையல் வினைகள் பெரும்பாலும் ஜோடியாக வரும். வதங்கு–வதக்கு, வாடு–வாட்டு, காய்–காய்ச்சு, கருகு–கருக்கு, வேகு–வேகவை. பொரி-யில் எழுத்து மாறாவிட்டாலும் பொரிந்தது–பொரித்தாள் என்று காலம் காட்டும் இடம் பிரித்துவிடுகிறது. சுடு-வுக்கு அதுகூட இல்லை. ‘கல் சுட்டது’, ‘தோசை சுட்டாள்’: இரண்டும் ஒரே சுட்டு.

ஆனால் இவை ஒன்றுக்கொன்று ஜோடி என்று நினைத்தால் பதிவு கவிழ்ந்துவிடும். சோதித்துப் பார்ப்பது சுலபம். வெங்காயத்தை வதக்கினால் வெங்காயம் வதங்குகிறது. தோசையைச் சுட்டால் தோசை சுடுகிறதா? ‘தோசை சுடுது’ என்றால் கை வைக்க முடியாத சூட்டில் இருக்கிறது என்றுதான் பொருள். கல்லில் ஆகிக்கொண்டிருப்பதைச் சொல்ல ‘வேகுது’ என்று வேறு வினைக்குப் போகிறோம். ஆகவே ‘சூடாக இரு’ என்பதும் ‘சூட்டால் செய்’ என்பதும் தனித்தனிப் பொருள்கள். ஒன்றை மற்றதன் தன்வினை வடிவம் என்று குறிக்கக் கூடாது. முதல் பொருளுக்கான பிறவினை ‘சுட வை’. பாலைச் சுட வைக்கலாம். பாலைச் சுட முடியாது.

பால் சுடு-வை ஏற்காதது இன்றைய பழக்கம் மட்டுமல்ல. மூதுரையில் ஔவையார், ‘அட்டாலும் பால்சுவையிற் குன்றாது’ என்று தொடங்கி, ‘சங்கு சுட்டாலும் வெண்மை தரும்’ என்று முடிக்கிறார். ஒரே வெண்பாவில் பாலுக்கு அடு, சங்குக்குச் சுடு. பாத்திரத்தில் வைத்துக் காய்ச்சும் நீர்மம் ஒரு பக்கம், நெருப்பில் நேராக இடும் திண்பொருள் மறு பக்கம். அடு பழைய சமையல் வினை: குறளில் ‘தெண்ணீர் அடுபுற்கை’ (1065) என்று வருவது அதுதான். வினையாக அது பேச்சிலிருந்து போய்விட்டது. அடுப்பு மட்டும் வீட்டில் தங்கிவிட்டது. (சங்கு ஏன் வெளுப்பாகவே இருக்கிறது என்றால், அது கால்சியம் கார்பனேட். சுமார் 900 பாகை செல்சியஸில் கரியமில வாயு வெளியேறி மிஞ்சும் சுட்ட சுண்ணாம்பும் வெள்ளைதான். தண்ணீர் ஊற்றினால் கொதித்துப் பூத்து வெற்றிலைச் சுண்ணாம்பாகும். உவமை சொன்னவருக்குச் சூளை தெரிந்திருக்கிறது.)

அடுப்படிச் சோதனை

வடையையும் வடகத்தையும் பிரிப்பது எது என்று அறிய, மற்ற எல்லாவற்றையும் ஒன்றாக வைத்துவிட்டு ஒன்றை மட்டும் மாற்ற வேண்டும். 250 கிராம் தோலில்லா உளுந்தை 2 மணி நேரம் ஊறவைத்து, ஒட்ட வடித்து, குளிர்ந்த தண்ணீரை 4 முதல் 6 மேசைக்கரண்டிவரை தெளித்துத் தெளித்து அரைக்கவும். ஒரு சிட்டிகை மாவைத் தண்ணீரில் போட்டால் மிதக்க வேண்டும். மூழ்கினால் காற்று ஏறவில்லை. இன்னும் ஐந்து நிமிடம் அரைக்கலாம், தண்ணீரைக் கூட்டக் கூடாது. மாவை இரண்டாகப் பங்கிட்டு, வடைப் பங்கில் அரைத் தேக்கரண்டி உப்பும் வடகப் பங்கில் கால் தேக்கரண்டியும் போடவும். வடகம் காயும்போது தண்ணீர் போய் உப்பு தூக்கலாகும் என்பதால்தான் இந்தக் குறைப்பு.

வடகப் பங்கை எண்ணெய் தடவிய தாளில் அரைக்கரண்டி அரைக்கரண்டியாக, 4 மில்லிமீட்டர் கனத்துக்கு மேல் போகாமல் கிள்ளி வைத்து, இரண்டு மூன்று நாள் நல்ல வெயிலில் காயவிடவும். ஒடித்தால் ‘டக்’கென்று முறிய வேண்டும். வளைந்தால் உள்ளே ஈரம் இருக்கிறது. எண்ணெயில் போட்டால் பூக்காமல் தோல்போல ஆகிவிடும். வடைப் பங்கை அத்தனை நாள் வைத்திருக்க முடியாது. அதை அன்றே தட்டி, நடுவில் துளையிட்டு, 175 பாகை எண்ணெயில் போட்டு, திருப்பித் திருப்பி நான்கு நிமிடம். 150-க்குக் கீழே இருந்தால் வடை எண்ணெய் குடிக்கும். 200-ஐத் தாண்டினால் வெளியே சிவந்து உள்ளே மாவாக நிற்கும். துளை இல்லாத கனமான உருண்டையில் உள்நீராவி வெடித்துக்கொண்டு வரும். முகத்தைத் தள்ளி வைத்துக்கொள்ளவும். வடகம் காய்ந்ததும் அதே எண்ணெயை 190 பாகைக்கு ஏற்றிப் போட்டால் சில நொடிகளில் பூத்துவிடும். மூன்றாவதாக அப்பளம், கடையில் வாங்கியது போதும். ஒன்றை அதே எண்ணெயில், ஒன்றைத் தணலின் மேல்.

இப்போது நான்கையும் தமிழ் பேசுபவர் ஒருவருக்குக் காட்டி, என்ன செய்கிறோம் என்று கேட்க வேண்டும். வடை சுடுவது, வடகம் பொரிப்பது, எண்ணெயில் அப்பளம் பொரிப்பது, தணலில் அப்பளம் சுடுவது. மாவு ஒன்று, எண்ணெய் ஒன்று, ஆனாலும் வினை மாறுகிறது. எனவே எண்ணெயா நெருப்பா என்பது முழு விடையாகாது. வடை சட்டிக்குள் போகும்போது இன்னும் வடை ஆகவில்லை, ஈர மாவுதான். சூடுதான் அதை வடையாக்குகிறது. வடகமும் அப்பளமும் போகும்போதே வடகமும் அப்பளமும். அவற்றை ஆக்கிய வேலை வெயிலில் முடிந்துவிட்டது. சூடு அவற்றைப் பொரிய மட்டும் வைக்கிறது.

இலக்கணத்தில் இதற்குப் பெயர் ஏற்கெனவே இருக்கிறது. இரண்டாம் வேற்றுமைப் பொருளை நன்னூல் ஆக்கல், அழித்தல், அடைதல், நீத்தல், ஒத்தல், உடைமை என்று பிரிக்கிறது. ‘குடத்தை வனைந்தான்’ ஆக்கல். வனைவதற்கு முன் குடம் இல்லை. ‘தோசையைச் சுட்டாள்’ அந்த வகை. அடையாளம்: மாவு இங்கே செயப்படுபொருளாக வராது. ‘மாவைச் சுட்டாள்’ என்றால் காதில் இடறுகிறது. ‘இந்த மாவில் இருபது தோசை சுடலாம்’ என்பதே பேச்சு. மூலப்பொருள் ‘இல்’ உருபோடு ஒதுங்கி நிற்கிறது, ஆகிவரும் பண்டம் செயப்படுபொருளாகிறது. எண்ணிச் சொல்ல முடிவதும் அதனால்தான். செங்கல்லும் சட்டியும் இதே வாய்ப்பாடு: களிமண்ணில் செங்கல் சுடுகிறார்கள்.

இன்னொரு சோதனையும் இதை உறுதி செய்யும். ஆறிப்போன தோசையைத் திரும்பக் கல்லில் போடுவதை ‘சூடு பண்ணு’ என்போம். ‘இன்னொரு தடவை சுடு’ என்றால் கேட்பவர் மாவுப் பாத்திரத்தைத்தான் தேடுவார். ஆன தோசையைத் திரும்ப ஆக்க முடியாதே.

பணியாரம், அதிரசம், முறுக்கு, ஆப்பம், போளி, சப்பாத்தி எல்லாம் இந்த விளக்கத்துக்குள் சிரமமில்லாமல் வருகின்றன. மீனும் உருளைக்கிழங்கும் எண்ணெயில் வெந்தாலும் வராது. அவை வறுக்கவோ பொரிக்கவோ படுபவை. உரசும் இடம் இட்லி. ஆவியில் வேகுவதற்கு உரிய வினை அவி. கொழுக்கட்டையும் இடியப்பமும் புட்டும் அதோடு நிற்கின்றன. ஆனால் ‘இட்லி சுடு’ என்று சொல்லும் வீடுகளும் உண்டு. ஆவி 100 பாகைதான், எதுவும் சிவக்காது. சிவப்பதுதான் சுடுதல் என்று விளக்கம் எழுதினால் இட்லியைத் தவறு என்று தள்ள வேண்டியிருக்கும். ஆக்கல் என்று எழுதினால் அந்த வீடுகளும் சரிதான். எங்கள் பதிவில் ‘சில வழக்குகளில்’ என்ற குறிப்போடு இட்லியைச் சேர்த்தோம்.

தணலில் இடும் அப்பளம், கத்திரிக்காய், கிழங்கு, சோளக்கதிர் தனிப் பொருள். இங்கே பண்டம் முன்பே இருக்கிறது, ‘கத்திரிக்காயைச் சுட்டு உரி’ என்று நேராகச் செயப்படுபொருளாகிறது, நெருப்பு நேரடியாகப் படுகிறது. லேசாகக் காட்டி எடுத்தால் சுடுவது ஆகாது. வாழையிலையை வாட்டத்தான் செய்கிறோம்.

ஆட்களிடம் கேட்பது

‘இதற்குச் சுடு என்பீர்களா, பொரி என்பீர்களா?’ என்று கேட்பது பயனற்றது. கேட்டதும் எழுத்துத் தமிழ் விழித்துக்கொள்ளும். செய்கையைக் காட்டி, ‘இவங்க என்ன பண்றாங்க?’ என்று கேட்டு, முதலில் வந்த சொல்லை அப்படியே எழுதவும். ‘தோசை பண்றாங்க’, ‘ஃப்ரை பண்றாங்க’ என்றால் அது விடையில்லாத சீட்டு. ‘அதை உங்க பாட்டி எப்படிச் சொல்வாங்க?’ என்று ஒரு முறை மட்டும் தொடரலாம். குறைந்தது பத்துப் பேர், வெவ்வேறு ஊர். வயதும், தாய் வளர்ந்த ஊரும் சீட்டில் இருக்கட்டும். அடுக்களைச் சொல் பெரும்பாலும் தாய்வழி வருவது.

தோசைக்கு வார், ஊற்று என்ற விடைகளும், வடைக்குத் தட்டு, போடு என்பவையும், முறுக்குக்குப் பிழி, சுற்று என்பவையும் வரும். இவற்றைச் சுடு-வின் மாற்றுச் சொற்கள் என்று எழுதிவிடக் கூடாது. இவை கையின் வேலைக்குப் பெயர், சுடு சூட்டின் வேலைக்குப் பெயர். ‘தோசை வார்த்துப் போடு’ என்பவரும், கருகியதும் ‘தோசை சுடத் தெரியல’ என்று சொல்லலாம்.

பிறப்பு

இப்போது சொற்பிறப்பியல் அகராதியைத் திறக்கலாம். மலையாளத்தில் சுடுக, இறந்தகாலம் சுட்டு. அங்கும் தோசையும் அப்பமும் சுடப்படுபவைதான். கன்னடத்தில் ஸுடு, இறந்தகாலத்தில் ஸுட்ட; நெருப்பில் கத்திரிக்காய் சுடுவதற்கு அதே வினை. வினை மட்டுமல்ல, ஒற்று இரட்டிக்கும் முறையும் மூன்றிலும் ஒன்று. நம் சுடுகாடு கன்னடத்தில் ஸுடுகாடு (கா மெலிந்து ஒலிக்கும்), சூடு மலையாளத்திலும் சூடு. இத்தனை உறுப்பும் சேர்ந்து ஒத்திருந்தால் அது கடன் அல்ல, பொது மூதாதைச் சொத்து. வேர் சுட் என்பதோடு நிறுத்திக்கொள்ளவும். ‘சுள்ளென்ற வெயில்’, ‘சுரீரென்று’ ஆகியவற்றையும் சேர்த்து ஒரே வேராக்க ஆசை வரும். ஒலி ஒத்திருப்பது மட்டும் போதாது. ட, ள, ர மாறியதற்குத் தனிச் சான்று காட்ட வேண்டும். காட்ட முடியாததை எழுதாமல் விடுவது நல்லது.

சூடு, சுடு-விலிருந்து முதல் எழுத்து நீண்டு பிறந்த தொழிற்பெயர்: கெடு–கேடு, படு–பாடு போல. நெற்கதிர்ப் போரைக் குறிக்கும் சூடு (சூடு மிதித்தல், சூடடித்தல்) இதோடு ஒட்டாது, தனித் தலைச்சொல்.

கூட்டுச் சொற்களை வெறும் பட்டியலாக அடுக்கினால் ஒரு நயம் தொலையும். சுடுநீர், சுடுமண், சுடுகாடு, சுடுசொல் நான்கும் வினைத்தொகை. நீர் தானே சுடுகிறது. மண் சுடப்பட்டது. காடு சுடும் இடம். சொல்லோ சுடுகிற ஆள். ஒரே வடிவத்தில் நான்கு உறவு. ஆகவே ஒவ்வொன்றையும் அதற்குரிய பொருள் எண்ணின் கீழ்தான் போட வேண்டும். சுடுசொல் பழைய வேர் உள்ளது: ‘நாவினாற் சுட்ட வடு’ (குறள் 129). கம்பனின் சீதை ‘என் சொல்லினாற் சுடுவேன்’ என்று சொல்லும்போது அது உருவகம்கூட அல்ல. உலகங்களை எரிப்பேன் என்கிறாள். அழித்தல் பொருளில் வைக்க வேண்டிய சீட்டு.

துப்பாக்கியை என்ன செய்வது? அம்புக்கு எய் இருந்தது. துப்பாக்கி அதை எடுத்துக்கொள்ளவில்லை. பழைய துப்பாக்கி திரியில் நெருப்பு வைத்து மருந்தைப் பற்றவைத்தே வெடித்தது. நெருப்பு வைக்கும் வினை அதற்கு ஒட்டிக்கொண்டது என்பது எங்கள் கணிப்பு. தெலுங்கிலும் எரிப்பதற்கான கால்ச்சு என்ற வினையே துப்பாக்கிக்கும் வருவது இந்தக் கணிப்புக்குத் துணை. திருடுவதைக் குறிக்கும் ‘சுட்டுட்டான்’ பேச்சு வழக்கு என்ற குறியோடு கடைசியில்.

கட்டி முடித்த பதிவு இப்படி நிற்கிறது:

சுடு (சுட, சுட்டு) வி. 1. (தன்வினை) தொட முடியாத சூட்டில் இரு: ‘காப்பி சுடுகிறது’, ‘உடம்பு சுடுகிறது’. பிறவினை: சுட வை. 2. (தொட்டவரை) சூட்டால் தாக்கு: ‘பாத்திரம் கையைச் சுட்டுவிட்டது’, வருத்து: ‘அந்தச் சொல் சுட்டது’. 3. ஈர மாவை அல்லது மண்ணைச் சூட்டால் இறுகச் செய்து பண்டமாக ஆக்கு: தோசை, வடை, பணியாரம், சட்டி, செங்கல், (சில வழக்குகளில்) இட்லி. மூலப்பொருள் ‘இல்’ ஏற்கும். 4. (முன்பே உள்ள பொருளை) தணலிலோ சுவாலையிலோ நேராக இட்டுப் பதமாக்கு: கிழங்கு, அப்பளம், சங்கு. 5. எரித்து அழி: ‘பிணத்தைச் சுட்டார்கள்’. 6. துப்பாக்கியால் தாக்கு. 7. (பேச்சு) திருடு. மரபு: ‘சுட்டுப்போட்டாலும் வராது’ – எவ்வளவு முயன்றாலும் ஒருவருக்குக் கைவராது. காண்க: சூடு¹, சுடர், சுடலை. வேறு: சுட்டு, சூடு² (கதிர்ப்போர்), சூடு³ (அணி).

சங்கு 4-இல் இருப்பது கொஞ்சம் உறுத்துகிறது. சுண்ணாம்பு ஆக்குகிறோம் என்று பார்த்தால் 3-க்குப் போக வேண்டும். ‘சங்கைச் சுட்டான்’ என்றும் ‘சுண்ணாம்பு சுட்டான்’ என்றும் இரண்டும் சொல்லலாம் என்பதால் இரண்டு சீட்டு எழுதி, இரண்டு இடத்திலும் ஒவ்வொன்றாக வைத்திருக்கிறோம்.